சினிமா ராணி டி.பி.ராஜலட்சுமி: பேசும்படத்தின் முதல் நாயகி

1931ஆம் ஆண்டு தமிழ் மொழிக்கும் நோர்வேஜிய மொழிக்கும் ஒரு விதத்தில் பொதுவான ஆண்டு. அவ்வாண்டு ஒக்டோபர் 31ஆம் திகதி சென்னை கினிமா சென்ட்ரல் திரையரங்கில் 'காளிதாஸ்' வெளியானது. தமிழில் பேசிய முதற் படம் அது. இரண்டு மாதம் முடிவதற்குள், டிசம்பர் 26ஆம் திகதி, நோர்வேயின் முதற் பேசும்படம் திரைக்கு வந்தது. பெரிய ஞானஸ்நானம் என்று பொருள்படும் தலைப்பைக் கொண்ட அந்தப் படத்தை இயக்கிய இருவருள் ஒருவர் தன்கிரட் இப்சன். நாடக மேதை ஹென்ரிக் இப்சனின் பேரன்.

நான் வாழும் ஒஸ்லோவில் அந்த நோர்வேஜியப் படத்தை இன்றும் பார்க்கலாம். தொழிலாளர் குடியிருப்பு ஒன்றில் நடக்கும் அந்தக் கதையில் அக்கால மக்கள் எப்படிப் பேசினார்கள் என்பதைக் காதால் கேட்கலாம். 'காளிதாஸ்' படத்தையோ நாம் யாரும் பார்க்க முடியாது. அதன் பிரதி எங்கும் எஞ்சவில்லை. அதில் தமிழ் பேசிய பெண்ணின் பெயர் டி.பி.ராஜலட்சுமி. சினிமா ராணி என்று தமிழுலகம் கொண்டாடிய அந்தப் பெண்மணியின் வாழ்க்கையை, கிடைக்கும் தகவல்களைக் கொண்டு இங்கே தொகுத்துச் சொல்ல விரும்புகிறேன்.

ராஜலட்சுமி 1911இல் தஞ்சை மாவட்டத்துத் திருவையாற்றில் பிறந்தார். தியாகராஜ சுவாமிகள் வாழ்ந்து மறைந்த ஊர் அது. பெயருக்கு முன்னால் உள்ள எழுத்துகளில் முதலாவது ஊரையும் இரண்டாவது தந்தை பஞ்சாபகேச சாஸ்திரியையும் குறிக்கின்றன. வைதிகப் பிராமணக் குடும்பம். ஒருமுறை கேட்ட பாட்டை அப்படியே திருப்பிப் பாடும் ஆற்றல் சிறு வயதிலேயே அவருக்கு இருந்தது. அக்கால வழக்கப்படி, விளையாடித் திரிய வேண்டிய வயதில் கலியாணம் செய்துவைத்தார்கள். கேட்ட வரதட்சிணையைக் கொடுக்க முடியாமல் போகவே அந்தத் திருமணம் நிலைக்கவில்லை. சிறுமி பிறந்த வீட்டுக்குத் திரும்பினாள். தந்தையும் காலமானார். தாயும் மகளும் பிழைப்புத் தேடித் திருச்சிக்கு வந்தார்கள்.

கணவன் வீட்டால் திருப்பி அனுப்பப்பட்ட ஒரு பிராமணச் சிறுமிக்கு 1920களின் தமிழ்நாட்டில் என்ன வழி இருந்தது? பிறர் வீட்டு அடுப்படி, அல்லது உறவினர் வீட்டுத் திண்ணை. ராஜலட்சுமியும் அவரது தாயாரும் மூன்றாவதாக ஒரு வழியைத் தேர்ந்தார்கள். அது நாடக மேடை. திருச்சியில் சாமண்ணாவின் நாடகக் கம்பெனியில் அவர் சேர்ந்தார். பிற்பாடு கன்னையா கம்பெனி உட்படப் பெயர் பெற்ற குழுக்களில் நடித்தார்.

அக்காலத்தில் இது எவ்வளவு துணிச்சலான காரியம் என்பதை இன்று விளங்கிக்கொள்வது கடினம். பாய்ஸ் கம்பெனி எனப்பட்ட குழுக்களில் சிறுவர்களே சீதையாகவும் திரௌபதியாகவும் வேடம் கட்டினார்கள். சினிமாவிலும் நிலைமை அதுதான். 1913இல் தாதாசாகேப் பால்கே 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்தபோது தாராமதியாக நடிக்க ஒரு பெண்ணும் முன்வரவில்லை. உணவுக்கடையொன்றில் வேலை பார்த்த சாளுங்கே என்ற இளைஞர்தான் புடவை கட்டிக்கொண்டு நடித்தார். தென்னாட்டின் முதற் கதைப் படமான 'கீசக வதம்' எடுத்த நடராஜ முதலியார், அடுத்த படத்தில் திரௌபதியாக நடிக்க ஓர் ஆங்கிலோ இந்தியப் பெண்ணைத்தான் தேடிப் பிடிக்க முடிந்தது. மேடை ஏறும் குலப்பெண்ணை ஊர் ஒதுக்கிவைக்கும். ராஜலட்சுமியையோ ஊர் ஏற்கெனவே ஒதுக்கிவிட்டது. ஆகவே அவரிடம் பறிப்பதற்கு ஊருக்கு வேறொன்றும் இருக்கவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

அன்றைய மேடையில் ஓடிய நாடகங்கள் பெரும்பாலும் புராணங்களும் பழங்கதைகளுமே. வள்ளி திருமணம், பவளக்கொடி, சத்தியவான் சாவித்திரி, கோவலன் என்று சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிவைத்த நாடகங்கள் ஊர் ஊராக விடிய விடிய நடந்தன. ஒலிபெருக்கி இல்லை. கடைசி வரிசையில் பாய் விரித்து உட்கார்ந்திருப்பவருக்கும் பாட்டுக் கேட்க வேண்டும். ஆகவே உச்சக் குரலில் பாடக்கூடியவரே நடிகர். வசனத்தைவிடப் பாட்டுக்கே மதிப்பு. இந்தப் பள்ளியில்தான் ராஜலட்சுமி தேறினார். தேசியப் பாடல்களையும் அவர் மேடையில் துணிந்து பாடினார்.

அவர் முதலில் திரையில் தோன்றியது மௌனப் படத்தில். 1929இல் வந்த 'கோவலன்' படத்தில் மாதவியாக நடித்தார். பாடி வாழ்ந்த ஒருவர் வாய் அசைத்தும் ஓசை வராத படத்தில் நடித்தது ஒரு விநோதம்தான். இரண்டே ஆண்டுகளில் அந்த நிலை மாறியது. 1931 மார்ச்சில் பம்பாயில் அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் நிறுவனம் 'ஆலம் ஆரா' என்ற முதல் இந்தியப் பேசும்படத்தை வெளியிட்டது. அதே நிறுவனம் அதே ஆண்டில் தென்னாட்டுக்கென்று ஒரு படம் எடுக்க முனைந்தது. எச்.எம்.ரெட்டி இயக்கினார். பாடவும் நடிக்கவும் தமிழ் பேசவும் தெரிந்த பெண் வேண்டும் என்றபோது ராஜலட்சுமி பம்பாய்க்குப் பயணமானார்.

'காளிதாஸ்' ஒரு விசித்திரமான படம். நாயகி தமிழில் பேசினார். நாயகன் தெலுங்கில் பதில் சொன்னார். வேறு சிலர் இந்தியில் பேசினார்கள். பிற்காலத்தில் பெரும் தயாரிப்பாளராக விளங்கிய எல்.வி.பிரசாத் இதில் ஒரு கோயில் பூசாரியாகத் தலைகாட்டினார். காளிதாசனின் காலத்துக்கும் திருவையாற்றுக்கும் தொடர்பில்லை என்றாலும், தியாகராஜ கீர்த்தனைகளும் இடையே ஒலித்தன. தேச விடுதலைப் பாடல்களும் இருந்தன. ராஜலட்சுமி ஆடிய குறத்தி நடனம் கூடுதல் கவர்ச்சியாகக் காட்டப்பட்டது. இன்றைய கண்ணுக்கு இது கதம்பமாகத் தெரியலாம். அன்றைய சென்னை மக்களுக்கோ, வெண்திரையில் ஒரு பெண் தங்கள் மொழியில் பேசினாள், பாடினாள் என்பதே போதுமானதாக இருந்தது. பம்பாயிலிருந்து படப்பெட்டி வந்து இறங்கியபோது மக்கள் திரண்டு பூத்தூவி, தேங்காய் உடைத்து, கற்பூரம் கொளுத்தித் திரையரங்கு வரை ஊர்வலமாகப் போனார்கள் என்று தமிழ்ச் சினிமா வரலாறு எழுதியவர்கள் பதிவு செய்துள்ளனர்.

படத்தின் கதை நமக்குத் தெரிந்ததுதான். மந்திரியின் சூழ்ச்சியால் இளவரசிக்கு ஒரு மூட இடையனைக் கட்டிவைக்கிறார்கள். ஏமாற்றப்பட்டதை அறிந்த இளவரசி காளியை வேண்டுகிறாள். காளியின் அருளால் மூடன் மகாகவி காளிதாசன் ஆகிறான். இந்தக் கதையை எத்தனையோ முறை கேட்டிருந்தும், ராஜலட்சுமியின் வாழ்க்கையைப் படித்த பின்னர்தான் ஒன்று என் கவனத்துக்கு வந்தது. பெரியவர்கள் முடிவுசெய்த கலியாணத்தில் ஏமாந்த ஒரு பெண்ணின் கதையே தமிழின் முதற் பேசும்படம். அதில் நடித்தவரும் அப்படிப்பட்ட பெண்ணே.

அவரது அடுத்த வேடங்களையும் இந்தக் கண்ணோடு பார்க்கத் தோன்றுகிறது. 1933இல் 'வள்ளி திருமணம்' வந்தது. கோயம்புத்தூரில் திரையரங்கு நடத்திய சாமிக்கண்ணு வின்சென்ட் கல்கத்தாவின் பயோனியர் நிறுவனத்தோடு சேர்ந்து தயாரித்த படம். தினைப்புனம் காத்த வள்ளி, தன் மணவாளனைத் தானே வரித்துக்கொண்டவள். வள்ளியாக நடித்த ராஜலட்சுமி, அதே படத்தில் நாரதராக நடித்த டி.வி.சுந்தரத்தைத் தம் விருப்பப்படி மணந்துகொண்டார். குழந்தைப் பருவத்தில் கலியாணம் முறிந்த பெண் மறுமணம் செய்துகொள்வதை அக்காலச் சமூகம் எப்படிப் பார்த்திருக்கும் என்பதை நான் விரித்துச் சொல்ல வேண்டியதில்லை. அதே ஆண்டில் 'சத்தியவான் சாவித்திரி' வந்தது. எமனோடு வாதாடிக் கணவனை மீட்ட சாவித்திரியாக, கணவன் வீட்டால் கைவிடப்பட்ட ஒருவர் நடித்தார்.

புராணப் படங்களைப் பிற்காலத்து விமர்சகர்கள் பலர் இகழ்ந்தார்கள். நாடகத்தையே படம் பிடித்துவைத்தவை, அசையாத கமரா, முடிவில்லாத பாட்டுகள் என்பன அவர்கள் குறைகள். அவற்றில் உண்மை உண்டு. 1934இல் வந்த 'பவளக்கொடி'யில் பாட்டுகள் ஐம்பது அளவில் இருந்தன. பின்னணி பாடும் முறை அப்போது இல்லை. நடித்துக்கொண்டே பாட வேண்டும். ஆர்மோனியக்காரரும் தபேலாக்காரரும் கமராவின் கண்ணில் படாமல் ஒதுங்கி உட்கார்ந்து வாசிப்பார்கள். மைக்கிலிருந்து விலகினால் குரல் தேயும் என்பதால் நடிகர்கள் நின்ற இடத்திலேயே நின்றார்கள். கமரா அசையாததற்கு இயக்குநரின் அறியாமை மட்டும் காரணம் அல்ல.

இந்த விமர்சனத்தில் விடுபட்டுப் போன ஒரு பக்கமும் உண்டு. ஒரு பெண் தன் பெயரில் பேச முடியாத காலத்தில், வள்ளியின் பெயரிலும் சாவித்திரியின் பெயரிலும் பேச முடிந்தது. வீதியில் கண்டால் முகம் சுளிப்பவர்கள் திரையில் கண்டபோது கைகூப்பினார்கள். புராணம் அவருக்குச் சோறு போட்டது, மரியாதை தந்தது, கையில் பணமும் சேர்த்துக் கொடுத்தது. அந்தப் பணத்தை வைத்து ராஜலட்சுமி என்ன செய்தார் என்பதில்தான் அவருடைய பெருமை இருக்கிறது.

1936இல் அவர் 'மிஸ் கமலா' என்ற படத்தை எடுத்தார். கதை அவர் எழுதிய 'கமலவல்லி' நாவலிலிருந்து வந்தது. தயாரிப்பு அவருடையது, இயக்கம் அவருடையது, நாயகியும் அவரே. தென்னிந்தியாவில் ஒரு பெண் இயக்கிய முதற் படம் இதுவே. இந்திய அளவிலும் பம்பாயில் 1926இல் படம் இயக்கிய பாத்மா பேகம் போன்ற மிகச் சிலரே அவருக்கு முன்னோடி. இதில் தெய்வம் இல்லை, இளவரசி இல்லை. காதலுக்கும் கட்டாயக் கலியாணத்துக்கும் இடையில் அகப்பட்ட, அவர் காலத்துப் பெண் ஒருத்தியே கதைக்கு நடுநாயகம். அதுவரை புராணப் பெண்களின் மறைவில் நின்று சொன்னதை, இருபத்தைந்து வயதில் அவர் நேரடியாகவே சொல்லத் துணிந்தார் என்று நான் கருதுகிறேன்.

1938இல் 'நந்தகுமார்' படத்தில் யசோதையாக நடித்தார். டி.ஆர்.மகாலிங்கம் கிருஷ்ணனாக அறிமுகமானதும், தமிழில் பின்னணிக் குரல் முதன்முதலில் பயன்பட்டதும் இந்தப் படத்தில்தான். யசோதை பெற்ற தாய் அல்லள், வளர்த்த தாய். ராஜலட்சுமியின் சொந்த வாழ்விலும் அப்படியொரு செய்தி உண்டு. பெண்ணாகப் பிறந்ததற்காகக் கொல்லப்படவிருந்த ஒரு குழந்தையைக் காப்பாற்றி, தம் மகளாக வளர்த்தார். பெண் சிசுக் கொலையைக் கண்டித்து மேடையில் பேசுவோர் பலர். ஒரு குழந்தையைக் கையில் ஏந்தி வீட்டுக்குக் கொண்டுவருவோர் சிலரே.

1939இல் 'மதுரை வீரன்' படத்தையும் அவரே தயாரித்து இயக்கினார். பின்னர் காலம் மாறியது. பின்னணிப் பாட்டு வேரூன்றியதும், நடிப்பவர் பாட வேண்டும் என்ற கட்டாயம் நீங்கியது. மேடையில் பயின்ற உச்சக் குரலுக்குத் தேவை குறைந்தது. புதிய முகங்கள் வந்தன. நாற்பதுகளின் இறுதியில் ஓரிரு படங்களில் சிறிய வேடங்களில் தோன்றினார். வாய்ப்புகள் குறைந்தன, தேடிய செல்வமும் குறைந்தது. 1964இல் சென்னையில் காலமானார். அவருக்கு வயது ஐம்பத்திரண்டு.

அதே 1964ஆம் ஆண்டில்தான் இந்திய அரசு புனேயில் தேசியத் திரைப்படக் காப்பகத்தை ஏற்படுத்தியது. படங்களைத் தேடிச் சேர்க்கும் நிறுவனம் பிறந்த ஆண்டில், தேடப்பட வேண்டிய படங்களின் நாயகி மறைந்தார். அதற்குள் பெரும்பாலானவை அழிந்துவிட்டன. இந்தியாவில் எடுக்கப்பட்ட மௌனப் படங்கள் ஆயிரத்து முந்நூறு அளவில் இருக்கும். துண்டு துணுக்குகளையும் சேர்த்து எஞ்சியவை முப்பது அளவில்தான். முதல் பத்தாண்டுத் தமிழ்ப் பேசும்படங்களின் நிலையும் பெரிதாக வேறுபடவில்லை. அக்காலப் படச்சுருள் நைட்ரேட் என்ற பொருளால் ஆனது. எளிதில் தீப்பிடிக்கும், வெப்பத்திலும் ஈரத்திலும் கரைந்து தூளாகும். போதாக்குறைக்கு, ஓடி முடிந்த படச்சுருளைக் கழுவி அதிலிருந்த வெள்ளியைப் பிரித்து விற்றார்கள். மிஞ்சிய பிளாஸ்டிக் வளையல் செய்யப் போனது. 'காளிதாஸ்' போலவே 'மிஸ் கமலா'வின் பிரதியும் இன்று இல்லை. பெண் இயக்கிய முதல் தமிழ்ப் படத்தைப் பற்றி நாம் எழுதலாம், பேசலாம், பார்க்க மட்டும் முடியாது.

இந்த இடத்தில் ஒஸ்லோவோடு தொடர்புடைய ஒரு செய்தியைச் சொல்ல வேண்டும். 1929 ஜனவரியில் இந்நகரின் கொலோசியம் திரையரங்கில் ஒரு சீன மௌனப் படம் காட்டப்பட்டது. ஷாங்காயில் 1927இல் எடுக்கப்பட்ட அந்தப் படத்துக்குச் சிலந்திவலைக் குகை என்று பொருள்படும் பெயர். நோர்வேயில் திரையிடப்பட்ட முதற் சீனப் படம் அது. அதுவும் ஒரு புராணப் படமே. இந்தியாவுக்கு பௌத்த நூல்கள் தேடிப் புறப்பட்ட துறவியைச் சிலந்திப் பேய்கள் மயக்கும் கதை. அந்தத் துறவி வேறு யாருமல்லர், காஞ்சிபுரத்தைப் பற்றியும் எழுதிவைத்த, நம் பாடநூல்களில் வரும் யுவான் சுவாங்தான். சீனாவில் இந்தப் படம் அழிந்துபோனது என்றே முடிவு கட்டியிருந்தார்கள். 2011இல் நோர்வேஜிய தேசிய நூலகத்தார் துருவ வட்டத்துக்கு அருகே மூ இ ரானாவில் உள்ள தங்கள் சேமிப்பகத்தில் நைட்ரேட் சுருள்களை ஆராய்ந்தபோது அது அகப்பட்டது. நோர்வேஜிய மொழியில் எழுத்து அட்டைகள் சேர்த்த பிரதி. சீர்செய்து ஒஸ்லோவில் திரையிட்டார்கள். 2014இல் சீனத் திரைப்படக் காப்பகத்துக்கு ஒரு பிரதியைக் கையளித்தார்கள்.

ஒரு சமூகத்தின் தொலைந்த படம், எட்டாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால், அதன் மொழி தெரியாத ஒரு நாட்டின் குளிர்க்கிடங்கில் கிடக்கலாம் என்பதை இந்த நிகழ்வு காட்டுகிறது. தமிழ்ப் படங்களும் தமிழ்நாட்டுக்குள் அடங்கிக் கிடக்கவில்லை. முப்பதுகளில் அவை இலங்கைக்கும் மலாயாவுக்கும் பர்மாவுக்கும் கப்பலேறின. இசைத்தட்டுகளும் பாட்டுப் புத்தகங்களும் கூடவே போயின. திரையரங்கு வாசலில் சில காசுக்கு விற்ற அந்தப் பாட்டுப் புத்தகங்களில் கதைச் சுருக்கமும் நடிகர் பெயர்களும் எல்லாப் பாட்டுகளும் அச்சாகியிருக்கும். படமே இல்லாதபோது அந்தச் சிறு புத்தகம்தான் படத்துக்குச் சாட்சி. சென்னையின் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இவற்றைச் சேர்த்துப் பாதுகாக்கிறது. ஈழத்து ஆவணங்களுக்கு நூலகம் நிறுவனம் உள்ளது. யாழ்ப்பாணப் பொது நூலகம் 1981இல் எரிந்ததைக் கண்ட நமக்கு, ஒரே பிரதியாக இருந்த ஒன்று போனால் போனதுதான் என்பதைப் புதிதாக யாரும் சொல்லித்தரத் தேவையில்லை.

ஆகவே வாசகர்களிடம் என் வேண்டுகோள் இதுதான். கொழும்பிலோ பினாங்கிலோ வாழ்ந்த பாட்டனார், பாட்டிமாரின் பெட்டிகள் இன்னும் பல வீடுகளில் இருக்கின்றன. அவற்றில் பழைய பாட்டுப் புத்தகமோ, அரக்கு இசைத்தட்டோ, நாடக நோட்டீசோ இருந்தால், பழந்தாள் என்று தூக்கி எறிய வேண்டாம். இசைத்தட்டின் நடுவே ஒட்டிய தாளில் உள்ள எழுத்துகளை முதலில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். பழைய படச்சுருள் ஏதும் அகப்பட்டால் அதை வீட்டில் ஓட்டிப் பார்க்க முனைய வேண்டாம். தீப்பிடிக்கக்கூடிய பொருள் என்பதால் காப்பக வல்லுநரிடமே ஒப்படைக்க வேண்டும்.

டி.பி.ராஜலட்சுமிக்குச் சிலை வைக்கலாம், தபால்தலை வெளியிடலாம், அவர் பெயரில் விருதும் வழங்கலாம். அவை யாவும் நல்லவையே. ஆனால் ஊர் ஒதுக்கிய ஒரு சிறுமி, வள்ளியாகவும் சாவித்திரியாகவும் நின்று ஊரைக் கேட்கவைத்த குரல் அவருடையது. அக்குரல் பதிந்த ஒரு தட்டையோ அப்பாட்டுகள் அச்சான ஒரு புத்தகத்தையோ கண்டெடுத்து அடுத்த தலைமுறையின் கையில் கொடுப்பதே அவருக்கு நாம் செய்யக்கூடிய சிறந்த மரியாதை.